காலத்தை மாற்றும் சட்டங்களின் நாடு: நண்பருக்கு ஒரு கடிதம்

யாழ்ப்பாணம்

அன்பின் நண்பருக்கு,

நலம். உமதும் வீட்டாரதும் நலமறிய அவா. நீர் அனுப்பிய கதையின் முதல் அத்தியாயங்களைப் படித்து முடித்தேன். அரசவையில் வாய்விட்டுச் சொல்லப்படும் சட்டம் காலத்தையே மாற்றிவிடும் நாடு என்ற கற்பனை எனக்கு மிகவும் பிடித்துக்கொண்டது. ஆயினும் அரசன் முழங்கியவுடன் சூரியன் நிற்பதாகவும் ஆறு பின்னோக்கி ஓடுவதாகவும் எழுதியிருப்பது மனதுக்கு ஒட்டவில்லை. பொழுது விடியாதிருக்க ஆணையிட்ட நளாயினி நம்மிடம் ஏற்கெனவே இருக்கிறாள். ஆனால் அவள் சொன்னது சாபம். ஒருத்தியின் துயரத்தில் பிறந்த சாபம் அந்தத் துயரம் தீர்ந்ததும் முடிந்துவிடும். சட்டமோ சொன்னவர் செத்த பின்னும் நிற்கும், கேளாதவரையும் கட்டும். அதன் ஒவ்வொரு வரிக்கும் இரு தரப்பு அப்புக்காத்துமாரும் (வழக்கறிஞர்களும்) வெவ்வேறு பொருள் கண்டுபிடிப்பார்கள். உமது நாட்டில் அந்தச் சச்சரவைத்தான் காணவில்லை.

நொத்தாரிசாகக் காணி உறுதிப் பத்திரங்கள் எழுதியே காலங்கழித்தவனின் குறை இது என்று நீர் சிரிப்பீர். சிரியும். ஆனால் சட்டம் நேரத்தை மாற்றிய நாட்டில் நாம் இருவரும் வாழ்ந்திருக்கிறோம் என்பதை மறந்துவிட்டீரா? 1996 மே மாதத்தில் அரசாங்கம் இலங்கையின் கடிகாரங்களை ஒரு மணி நேரம் முன்னே தள்ளியது. ஒக்டோபரில் அதில் அரை மணியைத் திருப்பிக் கொடுத்தது. எஞ்சிய அரை மணி 2006 ஏப்ரலில்தான் நமக்குத் திரும்பக் கிடைத்தது. அந்தப் பத்து ஆண்டுகளும் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த வன்னியில் பழைய நேரமே நடந்தது. 2002இல் ஏ9 வீதி திறந்த பின், யாழ்ப்பாணத்திலிருந்து வவுனியாவுக்குப் போனவர் வன்னியின் வட எல்லையான முகமாலையைத் தாண்டியதும் அரை மணி நேரம் இளமையானார், தென் எல்லையான ஓமந்தையைத் தாண்டியதும் அதை இழந்தார். வானில் சூரியன் ஒன்றுதான், ஆனால் அதன் கீழே நேரம் இரண்டு. அக்காலத்தில் பிறந்த பிள்ளையின் சாதகத்தைக் கொண்டுபோனால் சோதிடர் இன்றைக்கும் முதலில் கேட்பது, குறித்திருப்பது பழைய நேரமா புதிய நேரமா என்பதைத்தான். அரை மணிப் பிசகில் இலக்கினமே மாறிப் பொருத்தம் தவறிவிடக்கூடும் அல்லவா? (வாக்கியம், திருக்கணிதம் என்று இரண்டு பஞ்சாங்கங்களை வைத்துக்கொண்டு எந்த நாளில் விரதம் என்று சண்டை பிடிக்கும் நமக்கு இது புதிதுமல்ல.)

1966 முதல் 1971 வரை வார விடுமுறை சனி, ஞாயிறை விட்டு, சந்திரனைக் கொண்டு வரும் பௌத்தப் புனித நாளான போயாவுக்கும் அதற்கு முந்திய நாளுக்கும் போனது. சந்திரனைப் பார்த்து நடந்ததால் வாரங்கள் எல்லாம் ஒரே நீளமாக இருக்கவில்லை. அதை நீர் உமது நாட்டின் நாட்காட்டிக்கு அப்படியே எடுத்துக்கொள்ளலாம், நான் விரிக்கவில்லை.

விரிக்க வேண்டியது பின்னோக்கிப் பாயும் சட்டம். 1962 ஜனவரியில் இராணுவ, பொலிஸ் அதிகாரிகள் சிலர் அரசைக் கவிழ்க்க முயன்று அகப்பட்டார்கள். அவர்களுக்காக மார்ச் மாதத்தில் இயற்றப்பட்ட சட்டம், தான் அவ்வருடம் ஜனவரி முதலாந் திகதியே பிறந்துவிட்டதாகக் கருதப்பட வேண்டும் என்று கூறியது. 1965இல், அக்காலத்தில் நமக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றமாயிருந்த லண்டன் பிரிவி கவுன்சில் அச்சட்டத்தைச் செல்லாதென்று சொல்லித் தண்டிக்கப்பட்டவர்களை விடுவித்தது. உமது அரசனுக்கு மேலே அப்படி ஒரு சபை உண்டா? அவன் நேற்றை மாற்றினால், மாற்றப்பட்ட நேற்றை மீண்டும் பழையபடி ஆக்கும் அதிகாரம் எவருக்காவது இருக்கிறதா? இதை முடிவு செய்யாமல் நான்காம் அத்தியாயத்தைத் தொடங்காதீர்.

காலத்தை நிறுத்திய சட்டமும் உண்டு. பத்து ஆண்டுகள் இடையூறின்றி ஒரு காணியை ஆண்டவருக்கு அது உரித்தாகிவிடும் என்பது 1871ஆம் ஆண்டின் விதி. போரில் ஊரை விட்டு ஓடியவர் திரும்பி வந்தபோது அந்தப் பத்து ஆண்டுகள் எப்போதோ கழிந்திருந்தன. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், ஆயுதக் குழுக்களின் செயல்களால் நீதிமன்றத்தை நாட முடியாமற்போனவர்களைப் பொறுத்தவரை, 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தைக் கணக்கில் எடுக்கலாகாது என்றது. அந்த இருபத்தாறு ஆண்டுகளில் பனங்கொட்டை வடலியாகி, வடலி மரமாகியிருக்கும். சட்டத்தின் கணக்கில் மட்டும் பொழுது நகரவில்லை. நிலத்தை விட்டுப் போனவருக்கு நின்ற அதே காலம் நிலத்தில் இருந்தவருக்கு ஓடிக்கொண்டிருந்தது. வேலி போட்டு, கிணறு வெட்டி, பிள்ளைகளைக் கட்டிக்கொடுத்தவரிடம் அதை எப்படி விளங்கப்படுத்துவது? எல்லாருக்கும் ஒருசேரக் காலம் நிற்பதாக நீர் எழுதியிருப்பதில் எனக்குள்ள குறை இதுதான். சட்டம் தொட்டவருக்கு மட்டும் நிற்க வேண்டும். அடுத்த வளவில் கோழி கூவட்டும்.

ஒற்றியையும் உள்ளே கொண்டுவாரும். ஒல்லாந்தர் 1707இல் எழுத்தில் பதித்த, யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காற்றுச் சட்டமான நம் தேசவழமையின்படி, ஒற்றிக்குக் காசு கொடுத்தவர் வட்டிக்குப் பதிலாகக் காணியின் விளைச்சலை எடுப்பார். உமது அரசன் "மூன்று போகம் கழிந்தது" என்று ஒரு சொல்லில் தள்ளிவிட்டால், காசு கொடுத்தவர் ஒரு மரைக்கால் நெல்லும் காணாமல் தவணை முடிந்து நிற்பார். விதைக்காத நெல்லை அறுத்ததாகச் சத்தியம் பண்ணச் சாட்சிகள் வருவார்கள். அந்த வழக்கு ஒன்றே ஓர் அத்தியாயத்துக்குக் காணும்.

கடைசியாக, சட்டம் எந்த இடத்தில் உயிர் பெறுகிறது என்பதையும் யோசியும். நான் உறுதியை வாசித்து விளங்கப்படுத்தும்போது இரண்டு சாட்சிகளும் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு முன்னால் குனிவார்கள்; பாதிப் பேருக்குக் காது மந்தம். அவர்கள் தலையாட்டிக் கையொப்பம் வைத்த பின்தான் நான் அத்தாட்சி எழுதுவேன். உமது நாட்டில் அரசன் சொன்ன கணத்திலா காலம் மாறுகிறது, கேட்டவர் தலையாட்டிய கணத்திலா? இரண்டாவதென்றால், கேளாமல் காட்டுக்குள் ஓடிப்போகும் ஒரு கூட்டம் கட்டாயம் உருவாகும். அவர்களிடமிருந்தே கதையைத் தொடங்கியிருக்கலாம் என்பது என் அபிப்பிராயம்.

இங்கே மழை இன்னும் சரியாக விழவில்லை. முழங்கால் வலி மட்டும் முந்திக்கொண்டது. நல்லூர்த் திருவிழாவுக்கு வருவீராயின் அத்தியாயங்களைக் கையிலேயே கொண்டுவாரும். தபாலில் வந்த தாள்களில் பதினோராம் பக்கம் இல்லை. அரசனின் இரண்டாவது சட்டம் அதில்தான் இருக்க வேண்டும், அதை மட்டும் முந்தி அனுப்பும்.

இங்ஙனம்,
உமது பழைய நண்பன்