மியாகாவாவின் கறுப்பு

அன்புள்ள சேகருக்கு,

கடிதம் கிடைத்தது. பெண்ணுக்கு மதுரையிலேயே வேலை அமைந்ததில் எங்களுக்கும் சந்தோஷம். எனக்குக் கண்புரை ஆபரேஷன் முடிந்துவிட்டது. ஒரு மாதம் வெளியே அதிகம் அலையக் கூடாது என்றார்கள், அதனால் பழைய ஜப்பானியப் படங்களாகப் பார்த்துத் தள்ளுகிறேன்.

ஒளிப்பதிவாளர் கஸுவோ மியாகாவாவுக்கென்று தனிப் பாணி கிடையாது என்று எழுதியிருக்கிறாய். டைரக்டர் மிஸோகுச்சிக்காகக் கேமராவோடு கிரேனில் மிதந்தவர், 1959-இல் இன்னொரு டைரக்டரான ஓஸுவோடு சேர்ந்த ஒரே படத்தில் கேமராவை அசைக்காமல் நிறுத்திவிட்டார். வாஸ்தவம்தான். ஆனால் நீ கேமரா நகர்வதை மட்டும் பார்க்கிறாய். கியோட்டோக்காரரான அவர் சிறுவயதில் மை ஓவியம் கற்றவர். 1926-இல் நிக்கட்சு ஸ்டூடியோவில் அவர் நுழைந்தது ஃபிலிம் கழுவும் லேபில். கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே எத்தனை சாம்பல் உண்டு என்பதை அங்கேதான் தெரிந்துகொண்டிருப்பார் என்று நினைக்கிறேன்.

1950-இல் வந்த ‘ராஷோமோன்’ காட்டை நினைத்துப் பார். அடர்ந்த மரங்களுக்கு அடியில் வெளிச்சம் போதாது. கண்ணாடிகளை வைத்து வெயிலைத் திருப்பி நடிகர்கள் மேல் விழவைத்தார். சூரியனுக்கு நேராகவும் கேமராவை நீட்டினார், அன்றைக்கு யாரும் எளிதில் துணியாத காரியம். அதே படத்தில் பாழடைந்த நகர வாசலில் கொட்டும் மழையில் கறுப்பு மை கலந்தார்களே, அது ஏன்? சாம்பல் வானத்துக்கு முன்னால் வெறும் தண்ணீர் படத்தில் தெரியாது. ஓஸு படத்தில் தெருவின் இரு பக்கமும் நின்று அந்த ஜோடி சண்டை போடும்போதும் நடுவில் மழைதான். கேமரா அசையாவிட்டால் என்ன, அந்த மழையைப் பார்!

அதைவிடப் பெரிய விஷயம், 1960-இல் டைரக்டர் கோன் இச்சிகாவாவுக்காக எடுத்த ‘ஒதோதோ’. கலர் ஃபிலிமைக் கழுவும்போது, படம் பதிய உதவிய வெள்ளியை நீக்கிவிடுவது வழக்கம். இவர் அதை ஃபிலிமிலேயே தங்கவிட்டார். நிறம் வெளிறி, நிழல் கனத்து, கலர்ப் படத்துக்குள் கறுப்பு வெள்ளை வந்து உட்கார்ந்துகொண்டது. ஹாலிவுட் இந்த உத்தியைப் பிடித்துக்கொண்டதெல்லாம் ரொம்பப் பின்னால். கேமராவை மட்டுமே தெரிந்தவருக்கு இந்த யோசனை வந்திருக்குமா? எனக்கு நம்பிக்கை இல்லை. லேபில் வளர்ந்தவருக்குத்தான் வரும்.

‘ஒதோதோ’வை ஒரு தடவை பார்த்துவிட்டு எழுது, சண்டையை அப்புறம் வைத்துக்கொள்ளலாம். ஃபோனில் பார்க்காதே, பகலில் ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டும் வேண்டாம்.

வீட்டில் எல்லோரையும் விசாரித்ததாகச் சொல்.

அன்புடன்,
ராமு