கிட்டப்பாவுக்குப் பிறகு

அன்பு மகளுக்கு,

"எழுபது வயதில் இன்னொரு நடிகையின் வாழ்க்கை வரலாறு எதற்கம்மா?" என்று தொலைபேசியில் கேட்டாய். அப்போது பதில் சரியாக வரவில்லை. அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

நான் எழுதுகிற பாடகி, நடிகை கே.பி. சுந்தராம்பாளைப் பற்றி யாரிடம் பேச்செடுத்தாலும் அவர் கணவர், நாடக நடிகர் கிட்டப்பாவில் போய் நின்றுவிடுகிறார்கள். மேடையில் மலர்ந்த காதல், 1933-இல் கிட்டப்பாவின் மறைவு, அன்று முதல் வெள்ளைப் புடவை. எல்லாம் உண்மைதான். ஆனால் கணக்குப் போட்டுப் பார். அவர்கள் சேர்ந்திருந்தது ஏழெட்டு ஆண்டுகூட இல்லை. அதன் பிறகு 1980 வரை அந்த அம்மாள் தனியாக வாழ்ந்திருக்கிறார்! என் கைப்பிரதியைப் படித்த பதிப்பாளர் ஒருவர், "காதலை விரித்து எழுதுங்கள், பிற்பகுதியைச் சுருக்குங்கள்" என்றார். பேசாமல் வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்தப் பிற்பகுதியில்தானடி எல்லாம் இருக்கிறது. ஆணுக்கு ஜோடியாக நடிப்பதில்லை என்றிருந்தவர், 1935-இல் திரைப்படத்தில் தாமே நந்தனாராக வேடம் கட்டினார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய்! வறுமையில் வளர்ந்த கொடுமுடிப் பெண் அந்தக் காலத்தில் வாங்கிய தொகை அது. 1953-இல் ‘ஔவையார்’ படம். சட்ட மேலவை உறுப்பினராகவும் இருந்தார்.

தரமணியில் ரோஜா முத்தையா நூலகத்தில் ஒரு பழைய பாட்டுப் புத்தகத்தைப் புரட்டினேன். ஓரம் பொடிந்து விரலில் ஒட்டியது. ஒரு பாட்டின் அருகே யாரோ பென்சிலால் ராகத்தின் பெயரைத் தவறாக எழுதி, அடித்து, திருத்தியிருந்தார்கள். கொட்டகையில் கேட்டுவிட்டு வந்து அடுப்படியில் பாடிப் பார்த்த பெண்ணாக இருக்கும் என்று பட்டது. அந்தப் பக்கத்தைத் தாண்ட வெகுநேரமாயிற்று.

உன் பள்ளி ஆண்டுவிழாவுக்கு நான் வராத வருத்தம் உனக்கு இன்னும் உண்டு, தெரியும். அன்று மதுரையில், ஸ்பெஷல் நாடகத்தில் (வெவ்வேறு நடிகர்கள் ஓர் இரவுக்கு மட்டும் கூடி ஆடும் நாடகம்) நடித்த ஒரு பாட்டியின் முன் உட்கார்ந்திருந்தேன். ஊர், தேதி, வாங்கிய சம்பளம், வராமல் நின்ற பாக்கி என்று ஒரு நோட்டு நிறைய எழுதி வைத்திருந்தார். கணவரின் பெயரைத் தவிர அவரிடம் அதுவரை யாரும் எதையும் கேட்டதில்லையாம். உன்னைத் தவிக்கவிட்டது தவறுதான், கண்ணே. ஆனால் அடுத்த மாதம் போயிருந்தால் அவர் இல்லை.

நாளை காலை கொடுமுடிக்கு பஸ் ஏறுகிறேன். அந்தப் பாட்டியின் பேச்சைப் பதிவு செய்த கேசட் உன் பெட்டியோடு வந்துவிட்டது என்று நினைக்கிறேன். இருந்தால் பத்திரமாக அனுப்பு.

அன்புடன்,
அம்மா