பேரனுக்குச் சொல்லும் கதை

பிரியமுள்ள தோழிக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை வந்தது. கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று படித்த பிறகுதான் எனக்கு மனசு நிலைகொண்டது. சொட்டு மருந்தை வேளை தவறாமல் போட்டுக்கொள். அடுப்படிப் பக்கம் கொஞ்ச நாள் போகாதே.

பேரனைப் பற்றிக் கேட்டிருந்தாய். எட்டு வயசு முடியப் போகிறது, இன்னும் எழுத்துக் கூட்டித்தான் படிக்கிறான். பள்ளிக்கூடத்தில் மகளைக் கூப்பிட்டு, மற்றப் பிள்ளைகள் முன்னாலேயே அதைச் சொல்லியிருக்கிறார்கள். அவள் அன்று ராத்திரி சாப்பிடவே இல்லை. இப்போது சாயங்காலம் டியூஷன், வந்ததும் வீட்டில் மறுபடி பாடம். குழந்தை புத்தகத்தைக் கண்டாலே முகம் வாடிப்போகிறான். ஆனால் கதை சொன்னால் போதும், இமை கொட்டாமல் கேட்கிறான்.

அதனால்தான் போன மாசத்திலிருந்து ரோஸ்மேரி சட்கிளிஃப் எழுதிய 'தி ஈகிள் ஆஃப் த நைன்த்' நாவலை அவனுக்குச் சொல்லி வருகிறேன். ஆங்கிலத்தில் ஒரு பக்கம் நான் படித்துக்கொள்வேன், பிறகு நம் பேச்சில் அவனுக்குச் சொல்வேன். 1954-ல் வந்த புத்தகம். ரோமானியர் ஆண்ட பிரிட்டனில், மார்க்கஸ் என்ற இளம் படைத்தலைவனின் கதை. அவன் அப்பா இருந்த ஒன்பதாம் படை வடக்கே போய்த் திரும்பவே இல்லை. படையின் கழுகுச் சின்னமும் தொலைந்துவிட்டது. அதைத் தேடி, கண் வைத்தியன் வேஷத்தில் ரோமானியர் தங்கள் வடக்கு எல்லையில் கட்டிய ஹேட்ரியன் சுவரைத் தாண்டிப் போகிறான். கூட வருபவன் எஸ்கா, முந்தின நாள் வரை அவனுடைய அடிமை. புறப்படும் முன்பே அவனுக்கு விடுதலை கொடுத்து, நண்பனாகத்தான் கூட்டிப்போகிறான்.

இதை எழுதியவளின் வாழ்க்கையை உனக்குச் சொல்லியே ஆகவேண்டும். 1920-ல் இங்கிலாந்தின் சர்ரேயில் பிறந்தவள். அப்பா கடற்படை அதிகாரி. குழந்தைப் பருவத்தில் கொஞ்ச காலம் மால்ட்டாவில் இருந்தார்கள். பால் மணம் மாறாத வயசிலேயே ஸ்டில் நோய், அதாவது குழந்தைகளுக்கு வருகிற கடுமையான மூட்டுவாதம், பிடித்துக்கொண்டது. ஆயுளில் பெரும்பகுதி சக்கர நாற்காலிதான். படுத்துக் கிடந்த பிள்ளைக்கு அம்மா கதை கதையாகப் படித்துக் காட்டியிருக்கிறாள்: கிப்ளிங், செல்டிக் புராணங்கள், சாக்ஸன் கதைகள். அவள் தானாகப் படிக்கக் கற்றது ஒன்பது வயசில்! இந்த வரியைப் படித்ததும் எழுந்து போய் மகளைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

பதினாலு வயசில் பள்ளியை விட்டு, பிட்ஃபோர்டில் ஓவியம் படித்தாள். பெரிய படங்கள் வரைய உடம்பு இடம் கொடுக்காது என்று நுண்ணோவியத்துக்குத் திருப்பிவிட்டார்கள். உள்ளங்கைக்குள் அடங்குகிற படங்கள். அந்தக் கை பழக்கம் எழுத்திலும் இருக்கிறது என்பது என் எண்ணம். ஈரக் கம்பளியின் வாடை, குதிரையின் பிடரி மயிர், விளக்கு வெளிச்சம் ஒரு வெண்கலக் கொக்கியில் பட்டுத் தெறிப்பது எல்லாம் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்த மாதிரி வருகின்றன. மலையேறி நடந்து பழக்கமில்லாத ஒருத்தி, சேறும் புதரும் காலில் இடறுவதை எழுதும்போது என் முழங்கால் வலிக்கிறது!

இந்தக் கதை பிறந்த விதத்தையும் கேள். 1866-ல் இங்கிலாந்தின் சில்செஸ்டரில், பழைய ரோமானிய ஊர் இருந்த இடத்தைத் தோண்டியபோது இறக்கை இல்லாத ஒரு வெண்கலக் கழுகு கிடைத்தது. இப்போது ரெடிங் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஒன்பதாம் படையோ, யார்க் நகரத்தில் 108-ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்றில் பேர் இருக்க, அதன் பிறகு பிரிட்டனில் தடயமே இல்லை. இந்த இரண்டையும் அவள் ஒரே கதையாக முடிச்சுப் போட்டாள். அந்தக் கழுகு ஏதோ தெய்வச் சிலையோடு இருந்திருக்கும் என்றும், படை நெதர்லாந்துப் பக்கம் போயிருக்கலாம் என்றும் ஆய்வாளர்கள் பிறகு சொன்னார்கள். அதனால் கதை எனக்குத் துளியும் குறைந்துவிடவில்லை.

மார்க்கஸுக்கு முதல் சண்டையிலேயே தேர் சாய்ந்து கால் நசுங்கிவிடும். முதலில் பார்த்த வைத்தியர் காயத்தைச் சரியாகச் சுத்தம் செய்யாததால், மறுபடி அறுத்து உள்ளே இருந்த சில்லுகளை எடுக்கிறார்கள். அந்த இடத்தைச் சொன்ன ராத்திரி பேரன் என் சேலையைப் பிடித்துக்கொண்டு, “கடைசியிலே கால் சரியாயிடுமா பாட்டி?” என்றான்.

எனக்கு முடிவு தெரியும். சரியாகாது. படைக்குத் திரும்பவும் முடியாது. சட்கிளிஃப் தன் கதைப் பிள்ளைகள் யாருக்கும் பொய்யாக உடம்பைத் தேற்றிக் கொடுக்கவில்லை. இன்னொரு கதையில் வெண்கலக் காலத்துப் பையன் ஒருவனுக்கு ஒரு கைதான் வேலை செய்யும். கடைசி வரைக்கும் அப்படியேதான்.

“ஆகாது கண்ணு” என்றேன்.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான். பிறகு, “இருந்தாலும் போறானா?”

“போறான்.”

“அப்போ நாளைக்கு அதைச் சொல்லு” என்று திரும்பிப் படுத்துக்கொண்டான்.

1959-ல் வந்த 'தி லாண்டர்ன் பேரர்ஸ்' நாவலுக்கு அவளுக்கு, பிரிட்டனில் சிறுவர் நூல்களுக்குத் தருகிற கார்னகி பதக்கம் கிடைத்தது. 1992 ஜூலையில் இறந்த அன்று காலையிலும் எழுதிக்கொண்டிருந்தாளாம். ஒன்பது முதல் தொண்ணூறு வயசு வரையுள்ள குழந்தைகளுக்காக எழுதுகிறேன் என்று ஒருமுறை சொல்லியிருக்கிறாள். அந்தக் கணக்கில் நீயும் நானும் உண்டு.

நீ முப்பது வருஷம் ஒன்றாம் வகுப்புக்குப் பாடம் எடுத்தவள். எனக்கு நேராகச் சொல்: டியூஷனை நிறுத்திவிட்டு, ராத்திரி கதையை மட்டும் ஒரு வருஷம் தொடரட்டுமா? மகளை நான் சமாளித்துக்கொள்கிறேன். இப்போதைக்கு மார்க்கஸும் எஸ்காவும் சுவரைத் தாண்டி வடக்கே போய்க்கொண்டிருக்கிறார்கள். கண் தெளிந்ததும் இரண்டு வரி எழுது, போதும்.

என்றும் உன்,
பழைய பெஞ்சுத் தோழி