வடக்கே இருக்கிற அந்த மாநிலத்திலிருந்து

ஆன் ஆர்பர், மிச்சிகன்
2024 டிசம்பர் 8

அன்புள்ள விசாலத்துக்கு,

நீ அனுப்பிய குரல் பதிவை இரண்டு தடவை கேட்டேன். மூட்டுக்கு ஊசி போட்ட பிறகு மாடிப்படி ஏற முடிகிறதா? படுக்கையைக் கீழே மாற்றிக்கொள்ளடி, வீம்பு பிடிக்காதே. ஓய்வு பெற இன்னும் ஏழு மாதம் என்று விரல் விட்டு எண்ணுகிறாய். முப்பது வருடம் ரத்தப் பைகளோடு கிடந்தவள் சும்மா உட்கார்ந்து என்ன செய்வாயோ!

நான் அனுப்பிய படத்தைப் பார்த்துவிட்டு, "ஏண்டி தாயும் மகளும் சம்பந்திகள் மாதிரி முறைத்துக்கொண்டு நிற்கிறீர்கள்?" என்று கேட்டிருந்தாய். நான் போட்டிருந்தது மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் கருநீலம். அவள் போட்டிருந்தது பக்கத்து மாநிலத்தில், கொலம்பஸ் ஊரில் இருக்கிற ஒஹாயோ ஸ்டேட் பல்கலைக்கழகத்தின் சிவப்பு. நான் இருபது வருடத்துக்கு மேலாக இந்த ஊர் மருத்துவமனையில் சம்பளம் வாங்குகிறேன். அவள் போன வருடம் கொலம்பஸுக்குப் படிக்கப் போனாள். நவம்பர் கடைசி சனிக்கிழமை இந்த இரண்டு கல்லூரியும் அமெரிக்க ஃபுட்பால் ஆடும், நம் ஊர்க் கால்பந்து இல்லை. அதற்கு இரண்டு நாள் முன்னால் எடுத்த படம் அது.

விளையாட்டு என்று ஆரம்பித்தால் உனக்குப் பிடிபடாது. வரப்புத் தகராறு என்று ஆரம்பிக்கிறேன்.

மிச்சிகன் ஏரியின் தென்முனையிலிருந்து கிழக்கே நேராகக் கோடு இழுத்தால் ஒஹாயோவுக்கும் மிச்சிகனுக்கும் எல்லை என்று எழுதி வைத்திருந்தார்கள். ஆனால் பழைய வரைபடத்தில் அந்த முனையை உண்மையான இடத்துக்கு வடக்கே தள்ளிப் போட்டுவிட்டார்கள். பட்டாவில் ஒன்று, நிலத்தில் ஒன்று. நடுவில் மாட்டிக்கொண்டது 468 சதுர மைல். டொலீடோ ஊரும், மாமி ஆறு ஈரி ஏரியில் கலக்கிற துறையும் அதற்குள்தான் இருந்தன. 1835-இல் இரண்டு பக்கமும் படை திரட்டிவிட்டார்கள். ஒஹாயோ ஆளுநர் ராபர்ட் லூகாஸ். மிச்சிகன் அப்போது மாநிலம்கூட ஆகவில்லை. அதை ஆண்ட ஸ்டீவன்ஸ் மேசனுக்கு வயது 23. சத்தம் பெரிதாக இருந்ததே தவிர, கத்திக்குத்துப் பட்டது ஒரே ஒரு ஆளுக்கு. மிச்சிகன் பக்கத்துத் துணை ஷெரீப் ஒருவரை, டூ ஸ்டிக்னி என்பவன் பேனாக்கத்தியால் குத்தினான். பெயரே 'டூ'தான்! அவன் அண்ணன் பெயர் 'ஒன்'. அப்பா பிள்ளைகளுக்கு எண்ணிக்கையையே பெயராக வைத்துவிட்டார். குத்துப்பட்டவர் பிழைத்துக்கொண்டார்.

1836 டிசம்பரில் இதே ஆன் ஆர்பரில் கூடித்தான் மிச்சிகன்காரர்கள் டொலீடோவை விட்டுக்கொடுக்கச் சம்மதித்தார்கள். அதற்குப் பதிலாக வடக்கே மேல் தீபகற்பத்தின் பெரும்பகுதி கிடைத்தது. 1837 ஜனவரியில் மாநிலமும் ஆனார்கள். ஒன்றுக்கும் உதவாத பனிக்காடு என்று அன்று எல்லாரும் தலையில் அடித்துக்கொண்ட அந்த நிலத்தில் பின்னால் செம்பும் இரும்பும் எடுத்தார்கள். டொலீடோ இன்றைக்கும் இருப்பது லூகாஸ் மாவட்டத்தில், அந்த ஆளுநர் பெயரிலேயே. இந்த இரண்டு கல்லூரியும் ஃபுட்பால் ஆட ஆரம்பித்தது அறுபது வருடம் கழித்து 1897-இல். அதற்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பாய். பங்காளிப் பகை பேரன் காலத்தில் வேறு பெயரில் முளைப்பதை நாம் பார்த்ததில்லையா?

முதல் ஆட்டத்தில் மிச்சிகன் 34-0. 1902-இல் 86-0. ஒஹாயோ பக்கம் எத்தனை வருடம் தலை குனிந்திருப்பார்கள், யோசித்துப் பார். 1934-இல் அவர்களுக்கு ஃபிரான்சிஸ் ஷ்மிட் என்று ஒரு பயிற்சியாளர் வந்தார். மிச்சிகன்காரனும் நம்மைப் போல ஒவ்வொரு காலாகத்தான் பேண்ட் மாட்டுகிறான், அவனிடம் என்ன பயம் என்றார். அந்த வருடமும் அடுத்த மூன்று வருடமும் மிச்சிகனை ஒரு புள்ளிகூட எடுக்க விடவில்லை. அன்றிலிருந்து மிச்சிகனை ஜெயித்தால் ஒஹாயோ ஆட்டக்காரர்களுக்குச் சின்னத் தங்கப் பேண்ட் ஒன்று கிடைக்கும், சங்கிலியில் கோத்துக்கொள்கிற அளவில். நம் ஊரில் சீர் நகையைப் பத்திரப்படுத்துவது போலப் பத்திரப்படுத்துகிறார்கள்.

ஆட்டம் எப்படி என்று ஒரு வரி சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் அடுத்த கதை விளங்காது. நாலு முயற்சிக்குள் பத்து கஜம் முன்னேற வேண்டும். முன்னேறினால் மறுபடி நாலு முயற்சி. முடியாது என்று தோன்றினால் பந்தை எதிராளி பக்கம் தூர உதைத்து விட்டுவிடலாம். 1950 நவம்பரில் கொலம்பஸில் பனிப்புயல். மைதானத்தில் கோடே தெரியவில்லை. ஐம்பதாயிரம் பேர் அந்தப் பனியில் உட்கார்ந்து பார்த்தார்கள். இரண்டு அணியும் பந்தை வைத்துக்கொள்ளவே பயந்து 45 தடவை உதைத்து விட்டன. மிச்சிகன் ஒரு தடவைகூடப் பத்து கஜம் முன்னேறவில்லை. எறிந்த பந்து ஒன்றைக்கூட அவர்கள் ஆள் பிடிக்கவில்லை. ஆனாலும் எதிராளி உதைத்ததைத் தடுத்துத் தடுத்தே 9-3 என்று ஜெயித்தார்கள். தோற்ற பயிற்சியாளர் வேலையை விட்டுப் போனார். அந்த இடத்துக்கு வந்தவர்தான் வுடி ஹேஸ்.

எனக்கு இந்தப் பகையில் மனதைத் தொடுகிற இடம் இவரிடமிருந்துதான் ஆரம்பிக்கிறது. ஹேஸ் மிச்சிகன் என்ற பெயரை வாயால் சொல்ல மாட்டார். 'வடக்கே இருக்கிற அந்த மாநிலம்' என்பார். புருஷன் பெயரைச் சொல்லாத நம் பாட்டிகள் மரியாதைக்குச் சொல்லவில்லை. இவர் வெறுப்பில் சொல்லவில்லை. காரில் பெட்ரோல் தீரப் போகிறது என்று உதவியாளர் சொன்னபோது, தள்ளிக்கொண்டே எல்லை தாண்டினாலும் தாண்டுவேன், இந்த மாநிலத்தில் ஒரு காசு கொடுக்க மாட்டேன் என்றாராம். ஆளாளுக்குக் கொஞ்சம் கூட்டிச் சொல்கிற கதை அது. 1968-இல் 36 புள்ளி முன்னால் இருந்தும் போதாமல் இன்னும் இரண்டு புள்ளிக்கு முயன்றார். அந்த ஆட்டம் 50-14.

அடுத்த வருடம் மிச்சிகனுக்குப் புதிதாக வந்த பயிற்சியாளர் போ ஷெம்பெக்லர். அவர் யார் தெரியுமா? ஒஹாயோவில் பிறந்தவர். கல்லூரியில் ஹேஸிடமே ஆடியவர், பிறகு ஒஹாயோ ஸ்டேட்டில் அவருக்கு உதவியாளராக இருந்தவர். குருவின் எதிர்வீட்டில் போய்க் குடியேறிய சிஷ்யன். தன் பையன்கள் கண்ணில் தினமும் படட்டும் என்று, பயிற்சியில் எதிராளியாக நிற்கிறவர்களின் சட்டையில் 50 என்ற எண்ணைப் போட்டு வைத்தார். தொடர்ந்து 22 ஆட்டம் தோற்காமல் நாட்டிலேயே முதலிடத்தில் இருந்த ஒஹாயோ ஸ்டேட் 1969 நவம்பரில் இந்த ஊருக்கு வந்து 24-12 என்று தோற்றுத் திரும்பியது. அதிலிருந்து பத்து வருடம் இருவரும் மோதினார்கள். போவுக்கு ஐந்து, ஹேஸுக்கு நாலு, ஒன்று சமன். அந்தச் சமன்தான், 1973-இல் 10-10, போவின் நெஞ்சில் முள்ளாகத் தங்கியது. இரண்டு அணியும் தோற்காதவை. ரோஸ் பவுல் என்கிற பெரிய ஆட்டத்துக்கு ஒஹாயோதான் போக வேண்டும் என்று அவர்கள் லீகைச் சேர்ந்த கல்லூரிகளின் விளையாட்டு இயக்குநர்கள் ஓட்டுப் போட்டு முடிவு செய்தார்கள்.

ஹேஸ் 1978 டிசம்பரில் எதிரணிப் பையன் ஒருவனை அடித்துவிட்டு வேலை இழந்தார். அதை மூடி மறைத்து அவரைப் பெரிய மனிதராக்க நான் தயாரில்லை. ஆனால் 1987-இல் இறப்பதற்குச் சற்று முன்பு, உடம்பு முடியாத நிலையிலும், ஒரு விருந்து மேடையில் போவை அறிமுகப்படுத்திப் பேசப் போனார். எழுதும்போதே எனக்குத் தொண்டை அடைக்கிறது, விசாலம்.

2006-இல் இரண்டு அணியும் முதலிடமும் இரண்டாமிடமுமாக மோத இருந்தன. ஆட்டத்துக்கு முந்தின நாள் வெள்ளிக்கிழமை போ இறந்துபோனார். எங்கள் லேபில் அன்று வேலை பார்த்தபடியே எல்லாரும் அழுதார்கள். மறுநாள் கொலம்பஸ் மைதானத்தில் லட்சம் பேர் சிவப்புச் சட்டையோடு எழுந்து மௌனமாக நின்றார்கள். நான் டிவியில் பார்த்தேன். ஒஹாயோ ஸ்டேட் தன் பழைய மாணவரையும் நண்பரையும் இழந்துவிட்டது என்று ஒலிபெருக்கியில் சொன்னார்கள். அவர் எம்.ஏ. வாங்கியது அங்கேதான். அதுவரை நான் நீலச் சட்டையை ஊரோடு ஒத்துப்போகத்தான் போட்டுக்கொண்டிருந்தேன். அன்றிலிருந்து மனசாரப் போடுகிறேன். ஆட்டத்தில் மிச்சிகன் 42-39 என்று தோற்றது.

இப்போது நம் தொழில் விஷயம். 1982-லிருந்து இந்த இரண்டு கல்லூரிக்கும் ரத்த தானத்திலும் போட்டி. ஆட்டத்துக்கு முந்தின வாரங்களில் எந்தப் பக்கம் அதிக யூனிட் சேர்கிறது என்று பார்ப்பார்கள். பண்டிகைக்கு எல்லாரும் ஊருக்குப் போய் ரத்தம் வறளுகிற சமயம் அது. நீ தீபாவளி வாரத்தில் கல்லூரி கல்லூரியாக அலைந்து கெஞ்சுவாயே, அதை இங்கே ஒரு பகை செய்துகொடுத்துவிடுகிறது! ஊசியைக் கண்டால் மயங்கி விழுகிற என் மகள், இந்த வருடம் ஒஹாயோ கணக்கில் ஒரு யூனிட் கொடுத்துவிட்டு, முழங்கையில் சிவப்புக் கட்டோடு படம் அனுப்பினாள். நான் இங்கே மிச்சிகன் கணக்கில் கொடுத்தேன். இருவரும் ஓ பாசிட்டிவ்.

அந்த வாரம் அவள் கல்லூரியில் கண்ணில் படுகிற 'எம்' எழுத்தின் மேலெல்லாம் சிவப்பு டேப்பால் பெருக்கல் குறி ஒட்டுவார்களாம். அவர்கள் பேண்டு குழு மைதானத்தில் நடந்தபடியே ஒஹாயோ என்று ஆங்கிலக் கூட்டெழுத்தில் எழுதும். கடைசியில் பெரிய சூசஃபோன் குழலைச் சுமந்த ஒரு மாணவர் துள்ளி நடந்துவந்து அந்த 'ஐ' எழுத்துக்குப் புள்ளியாக நின்று, இரண்டு பக்கமும் குனிந்து வணங்குவார். அவர்கள் அதை ஆரம்பித்தது 1936-இல். அதற்கு நாலு வருடம் முன்பே மிச்சிகன் பேண்டு கொலம்பஸுக்குப் போய், விருந்தாளி மரியாதையாக மைதானத்தில் ஒஹாயோ என்று எழுதிக் காட்டியிருந்தது. மகளிடம் சொன்னேன். அம்மா, பொய் சொல்லாதே என்றாள்.

வெள்ளிக்கிழமை அவளை டொலீடோ வரை கொண்டு விட்டேன். அவளுடைய அறைத்தோழி வீடு அங்கேதான். இட்லிப்பொடி டப்பா, புளிக்காய்ச்சல் பாட்டில், துவைத்து மடித்த துணி என்று ஒவ்வொன்றாக இறக்கினேன். நான் நீலத்தில், அவள் சிவப்பில். அந்தத் தோழியின் அப்பா வாசலில் நின்று எங்கள் இருவர் சட்டையையும் பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் துணிக்கூடையைக் கையில் வாங்கிக்கொண்டார். படை திரட்டி அடித்துக்கொண்ட மண் அது என்று திரும்பி வரும்போதுதான் உறைத்தது.

சனிக்கிழமை யாரும் எதிர்பாராமல் கடைசி நிமிடத்தில் மிச்சிகன் 13-10 என்று ஜெயித்தது. கத்திக் குதித்தேன். அடுத்த ஐந்து நிமிடத்தில் மனசு விட்டுப்போனது. நம் பையன்கள் அவர்கள் மைதானத்தின் நடுவில் கொடியை நட்டார்கள்; கைகலப்பாகி, போலீஸ் பெப்பர் ஸ்பிரே அடிக்கும்படி ஆயிற்று. இரண்டு கல்லூரிக்கும் தலா ஒரு லட்சம் டாலர் அபராதம். போ இறந்த மறுநாள் எழுந்து நின்றவர்களின் மைதானம் அது. அங்கே போய் ஏன் அப்படிச் செய்ய வேண்டும்? மகள் போனில் பேசவே இல்லை. ராத்திரி பதினொரு மணிக்கு 'சாப்பிட்டேன்' என்று மட்டும் செய்தி வந்தது. ஜெயித்ததைப் பற்றி நானும் எதுவும் எழுதவில்லை.

பதினெட்டாம் தேதி லீவுக்கு வருகிறாள். டொலீடோவுக்குப் போய் அழைத்து வர வேண்டும். இந்தத் தடவை அந்த வீட்டுக்குக் கொஞ்சம் அதிரசம் சுட்டு எடுத்துப் போகலாம் என்றிருக்கிறேன். உன் அம்மா பாகு எந்தப் பதத்தில் இறக்குவார்கள்? எனக்கு எப்போதும் பிரிந்துபோகிறது.

ஜூலையில் உன் கடைசி வேலை நாள் எந்தத் தேதி என்று உடனே எழுது. டிக்கெட் பார்க்க வேண்டும்.

என்றும் உன்,
பானு