மூஸ் வேட்டைக்குப் போகும் மகளுக்கு

வெள்ளவத்தை,
கொழும்பு 06.

அன்புள்ள பிள்ளைக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. நானும் அம்மாவும் நல்ல சுகம். அங்கு நீயும் மருமகனும் பேரனும் சுகமாக இருக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை நீ தொலைபேசியில் கேட்டவற்றுக்கு நான் சரியாகப் பதில் சொல்லவில்லை என்று குறைப்பட்டிருப்பாய். அம்மா பக்கத்தில் இருந்தார். புரட்டாதிச் சனிக்கு எள்ளெண்ணெய் எரித்துவிட்டு வந்தவரிடம், மகள் கனடாவின் ஒன்ராறியோக் காட்டில் மூஸ் என்ற பெரிய மானைச் சுடப் போகிறாள் என்று எப்படிச் சொல்வது? அவருக்குச் சொல்ல வேண்டியதை நேரம் பார்த்து நான் சொல்லிக்கொள்கிறேன். இந்தக் கடிதம் துவக்கையும் தோட்டாவையும் பற்றியது மட்டும்.

உன் வேலைத்தலத்து நண்பர்கள் .300 வின்செஸ்டர் மேக்னம் என்ற பலத்த தோட்டாவுக்கான ரைபிளை வாங்கச் சொல்கிறார்கள். கடைக்காரர் அதே .300 இல் எடை குறைந்த ரைபிள் ஒன்றை எடுத்து, பெண்களுக்கு ஏற்றது என்று காட்டியிருக்கிறார். மருமகனோ 6.5 கிரீட்மோர் என்ற சிறிய தோட்டா போதும் என்கிறார். மூன்று பேரிலும் உண்மைக்குக் கிட்ட நிற்பவர் மருமகன்தான். அதை அவரிடம் சொல்லிவிடாதே.

கடைக்காரர் சொன்னதை முதலில் தள்ளிவை. ஒரே தோட்டாவை எடை குறைந்த ரைபிளில் போட்டுச் சுட்டால் உதைப்பு கூடும், குறையாது. முன்னால் போகும் குண்டும் வெடிமருந்தும் அதே அளவுதான். பின்னால் வரும் துவக்கு இலேசாக இருந்தால் அது வேகமாகத்தான் தோளுக்கு வரும். எட்டு இறாத்தல் ரைபிளில் .300 மேக்னம், .308 என்ற நடுத்தரத் தோட்டாவைவிட ஏறக்குறைய ஒன்றரை மடங்கு உதைக்கும். ஆறு இறாத்தல் ரைபிள் என்றால் கணக்கை நீயே போட்டுக்கொள். காட்டில் காவித் திரிய இலேசாக இருக்கும் என்பது உண்மை. ஆனால் பெண்களுக்கென்று அதை விற்பவர், விற்பதில் மட்டும் கெட்டிக்காரர். உன் உயரத்துக்குப் பார்க்க வேண்டியது எடையை அல்ல, பிடங்கின், அதாவது தோளில் முட்டும் கட்டையின், நீளத்தை. பிடங்கைத் தோளில் பொருத்திக் கன்னத்தை வைத்தால் கழுத்தை நீட்டாமல், தலையைச் சாய்க்காமல் தொலைநோக்கியில் முழு வட்டமும் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் பிடங்கை வெட்டிக் குறைக்கலாம். அங்கே துவக்குத் திருத்துபவர்கள் செய்து தருவார்கள். குளிருக்குத் தடித்த மேலங்கி போட்டால் பிடங்கு இன்னும் நீண்டதாகத் தோன்றும் என்பதால், அளவு பார்க்கும்போது அதையும் போட்டுக்கொண்டு போ.

நான் கோட்டையில் வேலைக்குச் சேர்ந்த கம்பனியில் துவக்குப் பிரிவு ஒன்று இருந்தது உனக்குத் தெரியும். நாட்டு நிலைமை மாறி அதை மூடியபின்தான் என்னைத் தையல் இயந்திரப் பக்கம் மாற்றினார்கள். நீ கண்ட அப்பா தையல் இயந்திர அப்பா. அதற்கு முன் என் வேலை, அனுமதிப்பத்திரத்தைப் பார்த்து, தோட்டாக்களை எண்ணிக் கொடுத்து, பேரேட்டில் பதிவது. பெரும்பாலும் பன்றிக்காவலுக்கு விவசாயிகள் வாங்கும் 'பன்னிரண்டு போர்' என்ற குழலளவுத் தோட்டாக்கள். எப்போதாவது ஒரு தோட்டத்துரை பெரிய ரைபிள் கேட்டு வருவார். அப்படி ஒருவர் .375 ஹொலண்ட் அண்ட் ஹொலண்ட் வாங்கினார். எதற்கு என்று எங்கள் மேலாளர் கேட்கவில்லை. கேட்டால் வியாபாரம் நடக்காது.

அந்த ரைபிள் கோணலாகச் சுடுகிறது என்று துரையிடமிருந்து முறைப்பாடு வந்தது. எங்களிடம் மூத்த விற்பனையாளர் ஒருவர் இருந்தார். அதிகம் பேசமாட்டார். என்னையும் கூட்டிக்கொண்டு மலைநாட்டுக்குப் போனார். தோட்டத்துக்குப் பின்னால் மண்மேட்டில் தாள் ஒட்டி, துரையைச் சுடச் சொன்னார். ஒவ்வொரு முறையும் தாமே தோட்டாவை இட்டு ரைபிளைக் கையில் கொடுத்தார். இடையில் ஒரு தடவை, மருந்தில்லாத போலித் தோட்டாவைச் சத்தமில்லாமல் போட்டுக் கொடுத்தார். துரை விசையை இழுத்தார். ஊசி "டிக்" என்று விழுந்தது. வெடி இல்லை, ஆனால் குழலின் நுனி ஒரு சாண் கீழே போனது, தோள் முன்னால் பாய்ந்தது, இரண்டு கண்களும் இறுக மூடியிருந்தன. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தோம். கோணல் எங்கே என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

நீ இதைச் செய்து பார்க்க வேண்டும். பயிற்சிக் களத்தில் மருமகன் தோட்டா இட்டுத் தரட்டும். எது போலி என்று உனக்குத் தெரியக்கூடாது. குழல் அசையாமல் நின்றால் அந்த ரைபிள் உனக்கு உரியது. அசைந்தால் உரியதல்ல, யார் என்ன சொன்னாலும்.

பெரிய விலங்குக்குப் பெரிய துவக்கு என்ற நினைப்புக்கு நம் நாட்டிலேயே பழைய வரலாறு உண்டு. 1840களின் கடைசியில் நுவரெலியாவில் குடியேறிய சாமுவேல் பேக்கர் யானை வேட்டைக்கு நான்கு போர் துவக்கு வைத்திருந்தார். நான்கு போர் என்றால் ஓர் இறாத்தல் ஈயத்தில் நான்கு குண்டுகள்தான் வார்க்கலாம் என்ற கணக்கு. ஒரு குண்டு கால் இறாத்தல். கறுப்பு மருந்தில் குண்டு மெதுவாகத்தான் போகும், ஆகவே எடையால் ஈடுகட்டினார்கள். புகையில்லா மருந்து வந்தபின் கதை மாறியது. ஆபிரிக்காவில் கரமோஜோ பெல் என்று அழைக்கப்பட்டவர் ஆயிரத்துக்கு மேற்பட்ட யானைகளைக் கொன்றார். அவற்றில் பெரும்பகுதி 7 மில்லிமீட்டர் மவுசர் தோட்டாவால். மருமகனின் 6.5 ஐவிடச் சற்றே பெரியது, அவ்வளவுதான். ஆனால் அவர் யானையின் மண்டையோட்டை வாளால் அறுத்து, மூளை எந்த இடத்தில் இருக்கிறது என்று பார்த்துப் படித்தவர். விரிந்து போகாத முழு உலோக உறைக் குண்டைத்தான் பாவித்தார். அந்தக் கொலைக் கணக்கை நான் மெச்சவில்லை. அவரைப் பார்த்துச் சிறிய துவக்கோடு யானைக்கு முன் நின்றவர்கள் பலர் திரும்பி வரவில்லை. இன்று ஆபிரிக்க நாடுகள் பலவற்றில் ஆபத்தான விலங்குகளுக்கு .375 க்குக் குறைந்ததை அனுமதிக்க மாட்டார்கள். மூஸ் பொதுவாக உன்னைத் தேடி வந்து மிதிக்கும் விலங்கல்ல. நம் மரையைப் போல இரண்டு மடங்கு எடை இருக்கும், ஆனால் நெஞ்சுக்கூட்டைத் துளைக்க யானைத் துவக்கு தேவையில்லை. சுவீடனிலும் நோர்வேயிலும் நூறு ஆண்டுகளுக்கு மேலாக 6.5x55 தோட்டாவால் மூஸ் சுடுகிறார்கள்.

நீ என்னிடம் கேட்காமல் விட்ட கேள்விதான் முக்கியமானது: எந்தக் குண்டு? எல்லோரும் துவக்கைப் பற்றியே கதைக்கிறார்கள். மூஸின் உடம்புக்குள் போவது துவக்கல்ல. 1946 இல் ஜோன் நொஸ்லர் என்ற அமெரிக்கர் பிரிட்டிஷ் கொலம்பியாவில் ஒரு மூஸைச் சுட்டார். கையில் இருந்தது .300 மேக்னம் வகை ரைபிள்தான், உன் நண்பர்கள் சொல்வதற்கு அண்ணன் முறை. சேறு காய்ந்து இறுகிய தோளில் பட்டதும் அவருடைய குண்டு உள்ளே போகாமல் சிதறியது. அந்த எரிச்சலில் அவர் செய்த குண்டுதான் பார்ட்டிஷன். செப்பு உறைக்குள் நடுவில் ஒரு செப்புத் தடுப்பு. முன்பாதி ஈயம் விரிந்து காயத்தை அகலமாக்கும், பின்பாதி உடையாமல் ஆழமாகப் போகும். 1948 முதல் விற்பனைக்கு வந்து இன்றும் கடையில் கிடைக்கிறது. மேக்னத்தின் வேகம் அவருக்குக் கைகொடுக்கவில்லை என்பதைக் கவனி. மெல்லிய குண்டு வேகமாகப் போனால் இன்னும் கெதியாக உடையும்.

இன்னொரு வகை, ஈயமே இல்லாத முழுச் செப்புக் குண்டு. 1980களின் கடைசியில் பார்ன்ஸ் கம்பனி இதைப் பிரபலமாக்கியது. நுனியில் துளை, பட்டதும் இதழ் இதழாக விரியும், எடை ஏறக்குறைய முழுவதும் அப்படியே இருக்கும். உனக்கு நான் சொல்வது இதைத்தான், காரணம் பேரன். சாதாரண ஈயக் குண்டு இறைச்சிக்குள் கண்ணுக்குத் தெரியாத ஈயத் துகள்களை விட்டுச் செல்கிறது. காயத்தைச் சுற்றி வெட்டி எறிந்தாலும் முழுவதும் போவதில்லை. குளிர்காலம் முழுவதும் அந்த இறைச்சியைச் சிறுபிள்ளைக்குச் சமைத்துக் கொடுக்கப் போகிறாய். விலை கூட என்று யோசிக்காதே. ஒரு பருவத்தில் மூஸுக்காகச் சுடப்போவது ஒன்றோ இரண்டோதான். செப்பு ஈயத்தைவிட இலேசானது, ஆகவே ஒரு படி எடை குறைந்த குண்டை எடுக்கலாம்: ஈயத்தில் 180 கிரெய்ன் (குண்டின் எடை அளவு) என்றால் செப்பில் 165.

ஆகவே என் தீர்ப்பு: .308 வின்செஸ்டர், போல்ட் ஆக்சன் (ஒவ்வொரு முறையும் கையால் இழுத்துத் தோட்டா ஏற்றும் வகை), ஏழரை எட்டு இறாத்தல், 165 கிரெய்ன் செப்புக் குண்டு. .30-06 கிடைத்தாலும் சரி, அது சற்றுக் கூட உதைக்கும், சற்றுக் கூட வேகம். .308 இல் 165 கிரெய்ன் குண்டு நொடிக்கு ஏறக்குறைய 2,700 அடி வேகத்தில் புறப்படும். கனடாவின் வடக்கே ரோந்து போகும் ரேஞ்சர்கள் நீண்ட காலம் .303 லீ என்பீல்டு வைத்திருந்தார்கள். சில ஆண்டுகளுக்கு முன் அதை மாற்றியபோது எடுத்தது .308 போல்ட் ரைபிள். அவர்களுக்குத் துருவக் கரடியிடமிருந்து தப்ப வேண்டும். அவர்களுக்குப் போதுமானது உனக்கும் போதும். தொலைநோக்கி 3-9 பெருக்கம் போதும். காட்டுக்குள் அதை 3 இலேயே வைத்துக்கொள். 9 இல் வைத்தால் கிட்ட நிற்கும் மூஸ் வெறும் உரோமமாகத்தான் தெரியும், எந்தப் பக்கம் என்று புரியாது.

தோட்டாப் பெட்டி வாங்கும்போது நான் பேரேட்டில் பதிந்ததுபோல முழுப் பெயரையும் வாசி. ".300" என்று மட்டும் கேட்டால் வின்செஸ்டர் மேக்னமும் தருவார்கள், வெதர்பியும் தருவார்கள், குட்டை மேக்னமும் தருவார்கள், ஒன்றை மற்றதற்குரிய துவக்கில் இட்டுச் சுடக்கூடாது. குழலில் பொறித்திருப்பதும் தோட்டாவின் அடியில் பொறித்திருப்பதும் ஒன்றாக இருக்க வேண்டும். நண்பர்களின் தோட்டாக்கள் ஒரே பையில் கலக்க வேண்டாம். இரண்டு மூன்று வகைச் செப்புக் குண்டில் ஒவ்வொரு பெட்டி வாங்கிச் சுட்டுப் பார். எது ஓரிடத்தில் கூடுகிறதோ அதையே, ஒரே தயாரிப்புத் தொகுதி எண்ணில் வாங்கிவை. 100 யார் (கெஜம்) தூரத்தில் இரண்டு அங்குலம் மேலே படும்படி திருத்தினால் 200 யாரில் குறியிலேயே படும். 300 யாரில் எட்டு ஒன்பது அங்குலம் விழும், ஆகவே அந்தத் தூரத்தில் சுடாதே. அந்தக் காட்டில் அவ்வளவு தூரம் தெரியவும் மாட்டாது. மேசையில் வைத்துச் சுடுவது துவக்கைச் சோதிக்க. உன்னைச் சோதிக்க முழந்தாளிட்டும் மரத்தில் சாய்ந்தும் சுடு.

சுடும் இடம், முன்னங்காலுக்கு நேர் மேலே, உடம்பின் கீழிருந்து மூன்றில் ஒரு பங்கு உயரத்தில். பக்கவாட்டாக நிற்க வேண்டும், அல்லது சற்று அப்பால் திரும்பி நிற்க வேண்டும். உன்னை நேருக்கு நேர் பார்த்து நின்றால் விட்டுவிடு. தலைக்கு வேண்டவே வேண்டாம். நுரையீரலில் பட்ட மூஸ் பல நேரம் ஒன்றும் நடவாததுபோல் நின்றுகொண்டிருக்கும்; தவறிவிட்டது என்று நினைத்து எழுந்து ஓடாதே. உடனே அடுத்த தோட்டாவை ஏற்றிக் குறிவைத்தபடி இரு. நின்றால் மறுபடி சுடு. காட்டுக்குள் போய்விட்டால் அரை மணிநேரம் அசையாமல் உட்கார்.

மற்றவை உனக்கு அங்கே வகுப்பில் சொல்லியிருப்பார்கள். ஆரஞ்சு நிற மேற்சட்டையும் தொப்பியும், வாகனத்தில் தோட்டா ஏற்றிய துவக்கு இல்லை, வீட்டில் பூட்டு, பேரனுக்கு எட்டாத இடத்தில் சாவி. குளிரில் இருந்து வந்ததும் ரைபிளைச் சூடான அறைக்குள் கொண்டுவராதே, தொலைநோக்கியும் விசையும் வியர்த்துப் பின் வெளியே உறைந்துவிடும். பூட்டிய வெளி அறையில் வை.

துவக்கு வாங்கியபின் சுட்ட தாள்களைப் படமெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பு, அம்மாவின் எண்ணுக்கு அல்ல. முழந்தாளிட்டு 100 யாரில் சுட்ட ஐந்தும் ஒரு சாப்பாட்டுத் தட்டுக்குள் விழாவிட்டால், இந்தப் பருவத்தில் நண்பர்கள் சுடட்டும், நீ இறைச்சி காவு.

அன்புடன்,
அப்பா