தங்கச்சிமடத்திலிருந்து ஓஸ்லாவுக்கு

தங்கச்சிமடம்
கார்த்திகை மாதக் கடைசி

அன்பு மாப்ள முருகேசனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. தங்கச்சிக்கு முதுகுவலி தேவலை என்று எழுதியிருந்தாய், படித்ததும் நிம்மதியாக இருந்தது. இங்கே வாடைக்காற்று. கடல் கலங்கிக் கிடக்கிறது, தொழிலுக்குப் போகாத நாள்தான் அதிகம். பெரியவள் கல்லூரியில் கடைசி ஆண்டு. சின்னவன் படகு பக்கமே வரமாட்டேன் என்கிறான், நானும் வற்புறுத்தவில்லை. அம்மா உன்னை விசாரித்தது. பொங்கலுக்கு நீ வந்தால் நண்டு ரசம் வைத்துத் தருவதாகச் சொல்லச் சொன்னது.

சரி, மலை விஷயத்துக்கு வருகிறேன். இமயத்தில் எங்கே நடந்து போகலாம் என்று நீ கேட்டதிலிருந்து எனக்கும் வேறு நினைப்பு இல்லை. படித்தும் போய்வந்தவர்களிடம் கேட்டும் ஒரு முடிவுக்கு வந்திருக்கிறேன். நீ முதலில் சொன்ன ரூப்குண்ட் வேண்டாம். ஏரிக்கரையில் எலும்புக்கூடுகள் கிடக்கின்றன என்பது உன்னை இழுக்கிறது, புரிகிறது. ஆனால் அது 5,000 மீட்டரைத் தொடும் உயரம். நமக்கும் ஐம்பதைத் தாண்டிவிட்டது. அதோடு 2018-இல் உத்தராகண்ட் உயர் நீதிமன்றம் மலை மேலுள்ள புல்வெளிகளில் (அங்கே புக்யால் என்கிறார்கள்) இரவில் கூடாரம் போடத் தடை விதித்தபின் அந்தப் பயணங்கள் நின்றுபோயின. இரண்டாவதாக நீ சொன்ன கேதார்காந்தா நல்ல இடம்தான். ஆனால் அது பனிக்காலத்துக்குப் பேர்போனது, ஆட்களும் அப்போதுதான் குவிகிறார்கள். நாம் போகப்போவது மே மாதம்.

நான் சொல்வது ஹர் கி தூன். உத்தரகாசி மாவட்டத்தில், கோவிந்த் வனவிலங்குக் காப்பகத்துக்குள் இருக்கும் பள்ளத்தாக்கு, உயரம் ஏறத்தாழ 3,500 மீட்டர். டேராடூனிலிருந்து முசூரி, புரோலா, மோரி, நைட்வார் வழியாகச் சாங்க்ரி என்ற ஊருக்கு 200 கிலோமீட்டர் போல இருக்கும், மலைச்சாலையில் ஒரு பகல் முழுக்கப் போய்விடும். அங்கிருந்து ஜீப்பில் தாலுகா. அப்புறம் ஆற்றை ஒட்டி நடைதான். கங்காட், ஓஸ்லா, சீமா என்று ஆட்கள் வாழும் ஊர்கள் வழியாகவே பாதை போகிறது. எனக்கு இது பிடித்ததற்குக் காரணமே அதுதான். உச்சியைத் தொட்டுவிட்டு ஓடிவருவதில் எனக்கு ஆசை இல்லை மாப்ள. அத்தனை உயரத்தில் ஆட்கள் எப்படி வீடு கட்டி, ஆடு மேய்த்து, பிள்ளை வளர்க்கிறார்கள் என்று பார்க்க வேண்டும்.

வருடம் முழுக்க நம் தீவுக்கு வடக்கத்தி சனம் வந்துகொண்டே இருக்கிறது. கங்கோத்ரியிலிருந்து செம்பில் தண்ணீர் கொண்டுவந்து ராமநாதசுவாமிக்குக் கொடுக்கிறார்கள், சேது மண்ணை முடிந்து எடுத்துப்போகிறார்கள். அவர்களில் ஹர் கி தூன் இருக்கும் கார்வால் பக்கத்து மலைக்காரர்களும் உண்டு. அக்னி தீர்த்தக்கரையில் கடலை முதல்முறை பார்த்துப் பேச்சு வராமல் நிற்கும் கிழவிகளைச் சிறுவயதிலிருந்து பார்த்து வருகிறேன். அந்தக் கிழவிகளின் ஊருக்கு இங்கிருந்து யார் போயிருக்கிறோம்?

அந்த ஊர்களைப் பற்றித் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன். வீடுகள் தேவதாரு மரத்தையும் கல்லையும் மாற்றி மாற்றி அடுக்கிக் கட்டியவை. கீழ்த்தளத்தில் மாடு, ஆடு, மேலே மனிதர்கள். குளிர்காலத்தில் கால்நடைகளின் சூடும் வீட்டுக்கு உதவும். ஓஸ்லாவில் மரத்தாலான பழைய கோயில் ஒன்று இருக்கிறது. துரியோதனன் கோயில் என்று வெளியாட்கள் சொல்லிப் பரவியிருக்கிறது, ஊர்க்காரர்கள் தங்கள் தெய்வம் சோமேஸ்வரர் என்கிறார்கள். ஊர்க்காரர்கள் சொல்வதை அப்படியே ஏற்றுக்கொள்வோம். அங்கே போய் அவர்கள் தெய்வத்தைப் பற்றி அவர்களிடமே வாதாடக்கூடாது. பள்ளத்தாக்கின் தலைமாட்டில் 6,252 மீட்டர் உயரத்தில் சுவர்க்காரோகிணி என்ற சிகரம் நிற்கிறது. பாண்டவர்கள் சொர்க்கம் ஏறிப்போன வழி என்பது அங்குள்ள நம்பிக்கை. தமிழ் வாத்தியார் நீ, அந்தக் கதையை நடக்கும்போது நீதான் எனக்குச் சொல்ல வேண்டும்.

சாப்பாடு உனக்கு அந்நியமாக இருக்காது. மண்டுவா ரொட்டி என்பது நம் கேப்பைதான். ஜங்கோரா என்பது குதிரைவாலியின் இனம். முதுகுளத்தூர்ப் பக்கம் மானம் பார்த்த நிலத்தில் விளைகிற அதே குதிரைவாலி, அங்கே மலைச்சரிவுப் படிக்கட்டு வயல்களில் விளைகிறது. புரோலா பக்கம் சிவப்பரிசி பேர்போனது, போகிற வழியில் வாங்கிக்கொள்ளலாம். ராஜ்மா அந்தந்த ஊரிலேயே விளைவது.

இனி கவனமாகப் படி. நாம் கடல் மட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்கள். 3,500 மீட்டரில் காற்றழுத்தம் இங்கே இருப்பதில் மூன்றில் இரண்டு பங்குதான். காற்றில் ஆக்சிஜனின் விகிதம் மாறுவதில்லை, ஆனால் காற்றே மெலிந்துவிடுவதால் ஒவ்வொரு மூச்சிலும் உடம்புக்குள் போவது குறைகிறது. உடம்பு அதற்குப் பழக நாள் எடுக்கும். வலைபிடித்து உரமேறிய உடம்பு என்று நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வேகமாக ஏறினால், மலைநோய் முதலில் என்னைத்தான் பிடிக்கும். உடல் வலு அதிலிருந்து காப்பாற்றாது. 2,500 மீட்டருக்கு மேல் யாருக்கும் வரலாம். தலைவலி, குமட்டல், சாப்பாடு வேண்டாமை, தூக்கம் வராமை இவைதான் ஆரம்பம். அப்போது மேலே ஏறாமல் அங்கேயே தங்க வேண்டும். குறையாவிட்டால் இறங்கிவிட வேண்டும். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு முட்டினாலோ, நடை தள்ளாடினாலோ, பேச்சு குழறினாலோ விடியட்டும் என்று காத்திருக்காமல் இருட்டிலேயே கீழே கொண்டுவந்துவிட வேண்டும்.

3,000 மீட்டருக்கு மேல், இரவு தங்கும் உயரத்தை ஒரு நாளில் 500 மீட்டருக்கு மேல் கூட்டக்கூடாது என்று மருத்துவர்கள் சொல்கிறார்கள். ஓஸ்லா 2,500 மீட்டரை ஒட்டிய உயரம். அங்கே ஓர் இரவு தூங்கிவிட்டு மறுநாளே ஹர் கி தூனில் போய்ப் படுத்தால் ஒரே நாளில் 1,000 மீட்டர் தாவல். சிலர் அப்படித்தான் திட்டம் போடுகிறார்கள், எனக்கு அதில் சம்மதமில்லை. நடுவில் கல்கத்தியாதார் என்ற இடத்தில் கூடாரம் போடலாம், கிட்டத்தட்ட 3,000 மீட்டர். அங்கே இரண்டு இரவு தங்கி, ஒரு பகலில் பாரம் இல்லாமல் ஹர் கி தூன் போய்விட்டு இறங்கி வந்து தூங்குவோம். ஒரு நாள் கூடுதலாகும், ஆகட்டும்.

வழிகாட்டி இல்லாமல் போகவே கூடாது. இங்கே நம் விசைப்படகில் ஏறுகிறவன் படகு முதலாளியாகவே இருந்தாலும், கடலுக்குள் போனபின் டிரைவர் சொல்வதுதான் சட்டம். திரும்பு என்றால் திரும்ப வேண்டும், ஐஸும் டீசலும் வீணாகிறதே என்று பேசக்கூடாது. மலையில் அந்த இடம் வழிகாட்டிக்கு. 2018 மார்ச்சில் குரங்கணிக் காட்டுத்தீயில் மலையேறப் போனவர்கள் சிக்கியதை நீ மறந்திருக்கமாட்டாய். 2024 ஜூனில் இதே உத்தரகாசிப் பக்கம் சகஸ்த்ரதால் போன கர்நாடகக் குழுவில் 9 பேர் பனிப்புயலில் சிக்கி இறந்தார்கள். ஜூன் மாதத்தில் பனிப்புயல்! அவர்களோடு வழிகாட்டிகள் இருந்தார்கள், அப்படியும் அது நடந்தது. அதனால் பெயருக்கு ஒருவர் கூட வந்தால் போதும் என்று விடமாட்டேன். பணம் கட்டுமுன் சில கேள்விகளைக் கேட்டுப் பதிலை எழுத்தில் வாங்கப்போகிறேன். எத்தனை பேருக்கு ஒரு வழிகாட்டி? ஆக்சிஜன் சிலிண்டரும் ஆக்சிமீட்டரும் கூடவே வருமா? கைபேசி எடுக்காத இடத்தில் ஆபத்து என்றால் செய்தி எப்படிப் போகும்? வனத்துறை அனுமதியை யார் எடுப்பார்கள்? சுமை தூக்குகிறவர்களுக்குக் காப்பீடு உண்டா, நல்ல செருப்பும் கம்பளியும் உண்டா? இந்தக் கடைசிக் கேள்விக்கு மழுப்புகிறவர்களோடு நான் வரமாட்டேன். சாங்க்ரி, ஓஸ்லா ஊர்ப் பிள்ளைகளே வழிகாட்டியாகவும் சமையலாளாகவும் வரும் குழுவாகத்தான் தேடுகிறேன். நம் பணம் அந்தப் பள்ளத்தாக்கிலேயே தங்கட்டும்.

இன்னொன்று, இது மனதில் கிடந்து உறுத்துவது. நம் கரையில் கருவாடு காயவைக்கும் பெண்களையும் வலை தைக்கும் பெரியவர்களையும் கேட்காமல் கொள்ளாமல் முகத்துக்கு நேரே படம் எடுத்துப்போகிறவர்கள் எத்தனை பேர்! பாம்பன் அக்காமார் முந்தானையால் முகத்தை மூடிக்கொள்வதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குக் கொதிக்கும். அதை நாம் அங்கே செய்யக்கூடாது. கேட்டு, சரி என்றால்தான் படம். பிள்ளைகளுக்கு மிட்டாய் வாரி இறைத்துக் கையேந்தப் பழக்கக்கூடாது. வீட்டில் உட்காரச் சொன்னால் உட்கார்ந்து, கொடுத்த தேநீரைக் குடித்து, நாம் எந்த ஊர், என்ன தொழில் என்று சொல்வோம். நான் கொஞ்சம் சங்கும் சிப்பியும் கொண்டுவருகிறேன், கடைச்சங்குதான், தடை செய்யப்பட்டது எதுவும் இல்லை. பிஸ்கட் உறை உட்பட நம் குப்பை நம் பையிலேயே திரும்பி வர வேண்டும். வலையில் மீனோடு பிளாஸ்டிக் ஏறிவருவதைத் தினம் பார்க்கிறவன் சொல்கிறேன்.

நாள் கணக்குக்கு வருவோம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம். முதல் சில வாரம் படகைக் கரையேற்றி மராமத்துப் பார்க்க வேண்டும், எஞ்சின் வேலையும் இருக்கிறது. ஜூன் பிறந்தால் வலை, ஐஸ் ஏற்பாடு என்று கால் நிற்காது. உனக்குப் பள்ளி விடுமுறை மே மாதம் முழுக்க. ஆக, மே நடுவில் புறப்படுவதுதான் இருவருக்கும் தோது. அங்கே ஜூலை, ஆகஸ்ட் மழையில் மலை சரியும். மே மாதத்தில் மேலே அங்கங்கே பனித்திட்டு கிடந்தாலும் பாதை திறந்திருக்கும். சார்தாம் என்ற நான்கு தலங்களின் யாத்திரைக் கூட்டம் அப்போது உச்சத்தில் இருக்கும் என்பதுதான் ஒரே தொந்தரவு, டேராடூனில் அறையை முன்கூட்டியே பிடித்துவிட வேண்டும். மதுரையில் திருக்குறள் எக்ஸ்பிரஸ் ஏறினால் டெல்லி நிஜாமுதீன், திருச்சியில் நீ ஏறிக்கொள். முன்பதிவு இப்போது 60 நாளுக்கு முன்புதான் திறக்கிறது, அதனால் மார்ச் நடுவில் விழிப்பாக இருக்க வேண்டும். ரொக்கமாகப் பணம் வைத்துக்கொள், புரோலா தாண்டினால் ஏடிஎம்மை நம்ப முடியாது.

உடம்பைத் தயார் பண்ணுவதில் உனக்குக் கொடுப்பினை, மலைக்கோட்டை பக்கத்திலேயே இருக்கிறது. 400-க்கு மேற்பட்ட படிகள். முதுகில் பையோடு ஏறு. அதைவிட முக்கியம், நிதானமாக இறங்கிப் பழகு. முழங்கால் மூட்டைப் பதம் பார்ப்பது இறக்கம்தான், கைத்தடி இரண்டு இருந்தால் பாரம் கொஞ்சம் குறையும். எனக்கு இங்கே ஏற்றம் என்று சொல்ல கந்தமாதன பர்வதமும் பாம்பன் சாலைப் பாலமும்தான். அதனால் தனுஷ்கோடிப் பக்கம் கால் புதையும் மணலில் பை சுமந்து நடக்கிறேன், கெண்டைக்கால் நன்றாக இறுகிவருகிறது. மாசி, பங்குனியில் ஒருமுறை சதுரகிரி ஏறிப் பார்ப்போம். புதுச்சப்பாத்தையும் அங்கேயே போட்டுப் பழக்கிவிடலாம், இமயத்தில் போய்க் கொப்புளம் வரக்கூடாது.

உடுப்பில் பருத்தி வேண்டாம். வேர்வையில் நனைந்தால் காயாது. நனைந்த துணியில் காற்றுப்பட்டால் உடம்பு எப்படி விறைக்கும் என்று இரவுக்கடல் எனக்குக் கற்றுக்கொடுத்திருக்கிறது, மலையில் அது இன்னும் கொடுமை. மெல்லியதாக ஒன்று, அதன்மேல் கம்பளி, அதன்மேல் காற்றும் மழையும் புகாத ஒன்று என்று அடுக்காகப் போட வேண்டும்.

கடைசியாக, உன் ரத்த அழுத்தம். மாத்திரை சாப்பிடுகிறேன், சரியாக இருக்கிறது என்று ஒரு வரியில் தாண்டிவிட்டாய். அது போதாது. இதய மருத்துவரிடம் போய், 3,500 மீட்டர் ஏறப்போகிறேன் என்று சொல்லி, ஈசிஜியும் டிரெட்மில் சோதனையும் தேவையா என்று கேள். மலைநோய்க்கு முன்கூட்டிச் சாப்பிடும் டயமாக்ஸ் உனக்கு ஆகுமா என்றும் கேள், சல்ஃபா மருந்து ஒவ்வாமை உள்ளவர்களுக்கு அது ஆகாமல் போகலாம். நானும் ராமநாதபுரத்தில் காட்டிவிட்டு எழுதுகிறேன். உன் மருத்துவர் வேண்டாம் என்றால் நான் தனியாகப் போகமாட்டேன், வேறு சின்ன மலையாகப் பார்ப்போம். மருத்துவர் என்ன சொன்னார் என்று தை பிறப்பதற்குள் எழுது. அதைப் பார்த்துவிட்டுத்தான் முன்பணம் கட்டுவேன்.

தங்கச்சிக்கும் பிள்ளைகளுக்கும் என் அன்பு. மாசிக் கருவாடு கொஞ்சம் எடுத்துவைத்திருக்கிறேன், திருச்சிக்கு ஆள் வரும்போது கொடுத்தனுப்புகிறேன்.

இப்படிக்கு
உன் ஜெரோம்