எங்கள் சுவரோவிய நடை வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

கொஞ்ச நாளாக வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு குரல்பதிவு சுற்றிக்கொண்டிருக்கிறது. உங்களில் பலர் அதை எனக்கே அனுப்பி, "அக்கா, இது உங்களப் பத்தித்தானே?" என்று கேட்டிருக்கிறீர்கள். ஆமாம், சிங்கப்பூர்த் தெருக்களின் சுவரோவியங்களைக் கூட நடந்து தமிழில் விளக்கிக் காட்டும் எங்களைப் பற்றித்தான். தெருவில் சும்மா இருக்கும் படத்தைக் காட்டக் காசு வாங்குகிறோம் என்றும், மூன்று பேரிடம் 210 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) கறந்துவிட்டோம் என்றும், காட்டுவதாகச் சொன்ன ஒரு படம் சுவரிலேயே இல்லை என்றும் அதில் வருகிறது. பேசியவர் யார் என்று எனக்குத் தெரியும். பெயரைச் சொல்லப்போவதில்லை. ஊரிலிருந்து வந்த அப்பா அம்மாவை ஆசையாகக் கூட்டி வந்தவர். அந்தப் பெரியவர்கள் முகம் வாடியதில் எனக்கும் வருத்தம்தான். ஆனால் "ஏமாத்து வேலை" என்று ஒரு வார்த்தை அதில் இருக்கிறது. அதைக் கேட்டுவிட்டுப் பேசாமல் இருக்க முடியவில்லை.

காணாமல் போன அந்தப் படத்திலிருந்தே தொடங்குகிறேன். அன்று காலை சைனாடவுனில் நாங்கள் அந்தச் சந்துக்குள் திரும்பியபோது, கீழே கடையும் மேலே வீடுமான ஒரு பழைய கடைவீட்டின் பக்கச் சுவர் முழுக்கச் சாரம் கட்டி வலை போட்டிருந்தார்கள். முந்தைய வாரம்வரை படம் அங்கேதான் இருந்தது. கட்டடக்காரர் சுவரைப் பழுதுபார்க்கத் தொடங்கிவிட்டார். எங்களிடம் சொல்லிவிட்டுச் செய்ய வேண்டும் என்று அவருக்கு எந்தக் கட்டாயமும் இல்லை. சுவர் அவருடையது. ஓவியர் வரைந்து முடித்துக் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனபிறகு, அந்தப் படம் எத்தனை நாள் இருக்கும் என்பது கட்டடக்காரர் கையிலும் வெயில் மழையின் கையிலும்தான் இருக்கிறது. நம் ஊர் ஈரமும் வெயிலும் வெளிச்சுவர்ச் சாயத்தை என்ன பாடுபடுத்தும் என்பதை அடுக்குமாடிப் புளோக்குகளில் குடியிருக்கும் நம் எல்லாருக்கும் தெரியும். கடைக்குக் குத்தகைக்காரர் மாறினாலும் சுவர் மாறிவிடும். இதனால்தான் முன்பதிவு செய்யும்போதே, "படங்கள் மாறலாம், மறைந்திருக்கலாம்" என்று குறுஞ்செய்தியில் எழுதி அனுப்புகிறோம். அன்றும் அனுப்பியிருந்தோம். அந்தப் படத்துக்குப் பதிலாக ஸ்மித் ஸ்திரீட்டில் கூடுதல் நேரம் நின்று காட்டினோம். குரல்பதிவில் அது வரவில்லை.

இங்கே ஒரு சுவரில் படம் வருவது எவ்வளவு பெரிய வேலை என்பதையும் சொல்லிவிடுகிறேன். சிங்கப்பூரில் அடுத்தவர் சுவரில் அனுமதி இல்லாமல் வரைந்தால் 1966ஆம் ஆண்டின் நாசவேலைச் சட்டம் பாயும். அபராதம், சிறை, பிரம்படிவரை போகும். பழைய கடைவீடுகள் பல பாதுகாக்கப்பட்ட கட்டடங்கள் என்பதால், உரிமையாளர் சரி என்றால் மட்டும் போதாது, நகர மறுசீரமைப்பு ஆணையத்திடமும் அனுமதி வாங்க வேண்டும். 2024இல் நடந்தது உங்களுக்கு நினைவிருக்கும். சவுத் பிரிட்ஜ் ரோட்டில் ஷான் டன்ஸ்டன் என்ற ஓவியர் கையில் சிகரெட்டோடு ஓர் இளம் சம்சுய் பெண்ணை வரைந்தார். சீனாவின் சான்ஷுய் வட்டாரத்திலிருந்து வந்து, தலையில் சிவப்புத் துணி கட்டி, நம் கட்டடங்களுக்குக் கல்லும் மண்ணும் சுமந்த பெண்கள் அவர்கள். சிகரெட்டை அழிக்கச் சொன்னது ஆணையம், ஊரே இரண்டாகப் பிரிந்து பேசியது, கடைசியில் படத்தை அப்படியே விட்டுவிட்டார்கள். முன் அனுமதி இல்லாமல் வரையத் தொடங்கியதற்காகக் கட்டட உரிமையாளருக்கு 2,000 வெள்ளி அபராதம். ஒரு சிகரெட்டுக்கே இவ்வளவு பேச்சு நடக்கும் ஊரில், எந்தச் சுவர் எந்த வாரம் எப்படி இருக்கும் என்று யாராலும் எழுதிக் கொடுக்க முடியாது. நடைக்கு முன்பு முடிந்தவரை நாங்கள் போய்ப் பார்த்துவிட்டுத்தான் வருகிறோம்.

அடுத்து, என்னை மிகவும் சுட்ட பேச்சு. "சும்மா இருக்குற படத்துக்கு எதுக்குக் காசு?"

படத்துக்கு நாங்கள் காசு வாங்கவில்லை. யாரும் வாங்க முடியாது, வாங்கவும் கூடாது. நாளைக்கே நீங்கள் டெலோக் ஆயர் எம்ஆர்டி ரயில் நிலையத்தில் இறங்கி நடந்துபோய் எல்லாவற்றையும் இலவசமாகப் பார்த்துவிட்டு வரலாம். எந்தத் தெரு, எந்தப் பக்கம் என்று தொலைபேசியில் கேட்டவர்களுக்கு நான் எப்போதுமே சொல்லியிருக்கிறேன். கோயிலுக்குள் போக யாரும் காசு கேட்பதில்லை. ஆனால் தூண் தூணாக நிறுத்தி, இது யார் கட்டியது, இந்தச் சிற்பத்தின் கதை என்ன என்று சொல்ல ஒருவர் கூட வந்தால் அவருடைய நேரத்துக்குக் கொடுப்போம், இல்லையா? நாங்கள் கேட்பது அதைத்தான்.

அமோய் ஸ்திரீட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். தியன் ஹொக் கெங் கோயிலின் பின்சுவரில் 44 மீட்டர் நீளத்துக்கு ஒரு சுவரோவியம் இருக்கிறது. யிப் இயூ சோங் என்ற ஓவியர் 2017இல் வரைந்தது. ஹொக்கியன் மக்கள் கடல் கடந்து வந்து, பாடுபட்டு, இங்கே வேர்விட்ட கதை. சும்மா பார்த்தால் ஒரு நீளமான படம், நின்று ஒரு செல்ஃபி எடுத்துவிட்டுப் போய்விடலாம். நாங்கள் அங்கே நிறுத்தி, அந்தக் கோயில் 1839க்கும் 1842க்கும் இடையில் கட்டப்பட்டது, அப்போது அதன் வாசலுக்கு எதிரே கடல் இருந்தது என்று சொல்வோம். கரை இறங்கியவர்கள் முதல் காரியமாகக் கடல்தெய்வம் மாசுவுக்கு நன்றி சொல்ல வந்த இடம் அது. அப்புறம் முன்பக்கம் டெலோக் ஆயர் ஸ்திரீட்டுக்குச் சுற்றிக்கொண்டு போனால், சில எட்டு தூரத்தில் நாகூர் தர்கா. 1828க்கும் 1830க்கும் இடையில் நம் தமிழ் முஸ்லிம்கள் எழுப்பியது. அதே தெருவில் அல் அப்ரார் பள்ளிவாசல், பழைய ஆட்களுக்குக் குச்சுப் பள்ளி. சீனக் கப்பலும் நாகப்பட்டினத்துக் கப்பலும் ஒரே கரையில்தான் ஆளை இறக்கின. அந்தச் சுவரைப் பார்த்துவிட்டு இந்த வாசலில் நிற்கும்போது, "நமக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்" என்று கேட்ட பெரியவர்களே தர்காவின் மினாராக்களை நிமிர்ந்து பார்த்துக்கொண்டு நிற்பார்கள். இதைத் தமிழில், அதுவும் எழுபது வயதைத் தாண்டியவருக்குப் புரியும் தமிழில் சொல்லத்தான் இந்தத் தொழிலையே தொடங்கினேன்.

யிப் இயூ சோங்கைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் எங்கள் நடையில் பாதி அவருடைய சுவர்கள்தான். கணக்கு, நிதித் துறையில் வேலை பார்த்தவர். 2015இல் எவர்ட்டன் ரோட்டில், துணி துவைக்கும் ஓர் ஆயாவை வரைந்துதான் தெருவுக்கு வந்தார். பிறகு வேலையை விட்டுவிட்டு முழுநேர ஓவியரானார். தியோங் பாருவில் பறவைக் கூண்டுகள் தொங்கும் சுவர், பழைய சந்தையும் குறிசொல்பவரும் இருக்கும் சுவர் எல்லாம் அவர் கைவண்ணம். சைனாடவுனில் வளர்ந்தவர் தான் பார்த்ததை வரைகிறார். ஐம்பது வயதைத் தாண்டியவர்கள் அந்தச் சுவர்களின் முன்னால் நின்றால், வழிகாட்டி பேசத் தேவையே இருக்காது. "எங்க வீட்லயும் இந்த மாதிரி தகர டின் இருந்துச்சு" என்று அவர்களே தொடங்கிவிடுவார்கள்.

தேக்கா, அதாவது லிட்டில் இந்தியா பக்கம் நீங்கள் எல்லாரும் அறிந்ததுதான், அதிகம் சொல்ல வேண்டாம். லசால் கலைக் கல்லூரியும் சிங்கப்பூர் பயணத்துறைக் கழகமும் சேர்ந்து 2015இல் தொடங்கிய கலைநடையில்தான் லிட்டில் இந்தியாவின் பல சுவர்களுக்கு நிறம் வந்தது. பெலிலியோஸ் சந்தில் சைஃபூல் வரைந்த பழைய தொழில்கள் இருக்கும் சுவர் எனக்கு மிகவும் பிடித்தது. கிளி ஜோசியமும் பூ கட்டுவதும் நமக்கு விளக்க வேண்டியதில்லை. பெலிலியோஸ் என்பவர் கல்கத்தாவிலிருந்து வந்த மாட்டு வியாபாரி, இந்த வட்டாரம் முழுக்க ஒருகாலத்தில் மாட்டுத் தொழுவம் என்று சொன்னால் பிள்ளைகள் நம்பவே மாட்டார்கள். ஜாக்ஸ்டன் சூ வரைந்த குதிரைப் பந்தயச் சுவருக்கு முன்னால் நின்று, 1933இல் பந்தயத் திடல் புக்கித் தீமாவுக்குப் போகும்வரை இங்கேதான் குதிரைகள் ஓடின என்று காட்டும்போது ரேஸ் கோர்ஸ் ரோட்டுக்கு அந்தப் பெயர் ஏன் என்று கேள்வியே வராது.

210 வெள்ளி விஷயத்துக்கு வருகிறேன். அது ஆளுக்கு அல்ல, குழுவுக்கு. தனிப்பட்ட நடை என்றால் உங்கள் குடும்பம் மட்டும்தான், வேறு யாரையும் சேர்க்க மாட்டோம். இரண்டு பேர் வந்தாலும் ஆறு பேர் வந்தாலும் அதே தொகை. அன்று மூன்று பேர் வந்ததால் ஆளுக்கு 70 வெள்ளி என்று அவர் வகுத்துவிட்டார். அதே குடும்பத்திலிருந்து ஆறு பேர் வந்திருந்தால் ஆளுக்கு 35தான். ஆறுக்கு மேல் ஏன் சேர்ப்பதில்லை என்றும் கேட்கிறீர்கள். எவர்ட்டன் ரோட்டிலும் தியோங் பாருவிலும் அந்தச் சுவர்களுக்குப் பின்னால் மனிதர்கள் குடியிருக்கிறார்கள். காலை நேரத்தில் இருபது பேரைக் கூட்டிக்கொண்டு போய் அவர்கள் வாசலில் சத்தம் போட எனக்கு மனம் வராது. காதில் மாட்டும் கருவியை வாடகைக்கு எடுத்துக் கொடுப்பதும் அதற்காகத்தான். வழிகாட்டி மெதுவாகப் பேசினாலே உங்களுக்குக் கேட்கும், அந்த வீட்டுக்காரருக்குக் கேட்காது.

கூட வருபவரும் சும்மா வருவதில்லை. பயணத்துறைக் கழகத்தின் உரிமம் பெற்றவர்தான் இங்கே காசு வாங்கிக்கொண்டு வழிகாட்ட முடியும். அந்த உரிமத்துக்குப் படிப்பு, தேர்வு எல்லாம் இருக்கின்றன, புதுப்பிக்கவும் வேண்டும். தமிழில் சரளமாக வழிகாட்டக்கூடிய உரிமதாரர்கள் மிகக் குறைவு. எங்களோடு தொடக்கத்திலிருந்தே இருந்த தம்பி, உங்களில் பலருக்கு அவரைத் தெரியும், குடும்பச் சூழலால் நிலையான மாதச் சம்பளம் உள்ள வேறு வேலைக்குப் போய்விட்டார். நல்ல மனதோடு போனார், நாங்களும் நல்ல மனதோடுதான் அனுப்பி வைத்தோம். பொருள் சேவை வரி 2023 தொடக்கத்தில் 7லிருந்து 8 விழுக்காடாகவும், 2024 தொடக்கத்தில் 9 விழுக்காடாகவும் ஏறியது. முதியவர்களுக்காக நாங்கள் எடுக்கும் வேன் வாடகையும் காப்புறுதியும் அதோடு சேர்ந்து ஏறின. இவ்வளவு காலம் அதை நாங்களே தாங்கிக்கொண்டோம். அடுத்த மாதம் முதல் தனிப்பட்ட நடை 245 வெள்ளி, ஞாயிறு மாலை நடை இப்போதைக்கு இருக்காது. ஏற்கெனவே முன்பதிவு செய்தவர்களுக்குப் பழைய கட்டணம்தான். சனி, ஞாயிறு காலை நடைகள் வழக்கம்போல எட்டு மணிக்குத் தொடங்கும். வெயில் ஏறுவதற்கு முன்பு சுவர்களைப் பார்ப்பதுதான் கண்ணுக்கும் நல்லது, முட்டிக்கும் நல்லது.

இந்தக் குரல்பதிவு வந்த நாளிலிருந்து, நான் கேட்காமலேயே எங்களுக்காகப் பேசியவர்கள் நிறையப் பேர். தன் மாணவர்களை ஆண்டுதோறும் அழைத்து வரும் ஆசிரியை ஒருவர், தன் பள்ளிக் குழுவில் நீளமாக ஒரு பதில் எழுதினார். சென்னையிலிருந்து யார் வந்தாலும் முதலில் எங்களிடம் அனுப்பும் ஒரு அண்ணன், குரல்பதிவு வந்த குழுவிலேயே தன் அம்மா நடையில் சிரித்துக்கொண்டு நிற்கும் படத்தைப் போட்டார். ஏப்ரலில் தமிழ்மொழி விழா நேரத்தில் மழை கொட்டியபோதும் கடைவீடுகளின் முன்னால் கூரை உள்ள ஐந்தடிப் பாதையில் ஒதுங்கி நின்று கதை கேட்ட குடும்பங்களை என்னால் மறக்க முடியாது. நீங்கள் இல்லாமல் இந்தச் சின்ன நிறுவனம் கொவிட் காலத்தைத் தாண்டியிருக்காது. மனதார நன்றி சொல்கிறேன்.

அந்தக் குரல்பதிவில் பேசியவருக்கும் ஒன்று சொல்ல வேண்டும். நீங்களும் எங்கள் வாடிக்கையாளர்தான். சாரத்தைப் பிரித்தபிறகு படம் மிஞ்சியிருந்தால் உங்களுக்கு நானே தகவல் சொல்கிறேன். அப்பா அம்மா அடுத்த முறை வரும்போது அந்தச் சந்துக்கு மட்டும் நானே கூட வந்து காட்டுகிறேன், அதற்குக் காசு வேண்டாம்.

மற்றவர்களிடம் ஒரு வேண்டுகோள். அந்தப் பதிவு உங்கள் குழுவுக்கு வந்தால் அதோடு இந்த மடலையும் சேர்த்து அனுப்பிவிடுங்கள். முன்பதிவுக்கு வழக்கமான எண்ணிலேயே அழையுங்கள். முதியவர்கள் வருவதாக இருந்தால் முன்கூட்டியே சொல்லுங்கள், உட்கார்ந்து ஓய்வெடுக்கக் கோப்பிக்கடை இருக்கும் வழியாகப் பாதையைப் போட்டுத் தருகிறேன்.

அன்புடன்,
சுவரோவிய நடை உரிமையாளர்
சிராங்கூன் சாலை, சிங்கப்பூர்